பழைய காட்சியைப் படத்தில் சேர்க்கும் முன் பார்க்க வேண்டியவை

கேள்வி கேட்டவர் 50 நிமிட ஆவணப்படம் ஒன்றை எடிட் செய்துகொண்டிருக்கிறார். அதில் ஏறக்குறைய பாதி, இணையத்திலிருந்து இறக்கிய பழைய காட்சிகள். "ஒவ்வொரு துண்டும் பத்து நொடிக்குள் இருந்து, கடைசியில் நன்றி என்று பெயர் போட்டுவிட்டால் போதுமா? செய்திச் சேனல்கள் தினமும் பழைய காட்சிகளைப் போடுகிறார்களே, அவர்கள் எல்லோரிடமும் அனுமதி வாங்கியா போடுகிறார்கள்?" என்று கேட்டிருக்கிறார். பார்த்தால் இது பதிப்புரிமைக் கேள்வி. ஆனால் இதற்கு முன்னால் கேட்டிருக்க வேண்டிய கேள்வி ஒன்று உண்டு: நான் பின்னணிக் குரலில் சொல்வதைத்தான் இந்தக் காட்சி காட்டுகிறதா? அதற்கு விடை தெரியாமல் உரிமத்துக்குப் பணம் கட்டினால், தவறான காட்சியை முறைப்படி விலைக்கு வாங்கியதாகத்தான் முடியும். ஆகவே இரண்டுக்கும் சேர்த்தே பதில் எழுதுகிறேன்.

உரிமைக் கேள்விக்கு நேரடிப் பதில்: போதாது. பத்து நொடிக்குள் இருந்தால் இலவசம் என்று பரவலாகச் சொல்லப்படும் விதிக்குப் பொதுவான சட்ட அடிப்படை எதுவும் இல்லை. நன்றி போடுவது மரியாதை, அது அனுமதி ஆகாது. செய்திச் சேனல்கள் போடும் காட்சிகளில் பெரும்பகுதி அவர்களே எடுத்தது, அல்லது சந்தா கட்டி ஏஜென்சிகளிடம் வாங்கியது. வாங்காமல் போடுபவர்களும் இருக்கிறார்கள், உண்மைதான். அவர்கள் மாட்டவில்லை என்பதை உங்களுக்கான முன்னுதாரணமாக எடுத்துக்கொள்ள வேண்டாம்.

இப்போது முதல் விஷயம். படத்தில் பழைய காட்சி இரண்டு விதமாக வேலை செய்கிறது. ஒன்று சாட்சி: இந்த இடத்தில், இந்த நாளில், இது நடந்தது என்று காட்டுவது. மற்றொன்று சூழல்: அந்தக் காலத்துத் தெரு, உடை, வண்டிகள், கூட்டம். இரண்டுமே முறையானவைதான். சூழலுக்காக எடுத்த காட்சி சாட்சியின் இடத்தில் போய் உட்காரும்போதுதான் சிக்கல் வருகிறது. ஏதோ ஓர் ஊரின் தெருக் காட்சிக்கு மேல் "அந்தக் காலத்தில் தெருக்கள் இப்படித்தான் இருந்தன" என்று குரல் வந்தால் குற்றமில்லை. அதே காட்சிக்கு மேல் "அன்று காலை மக்கள் திரண்டு வந்தார்கள்" என்று வந்தால், அது அந்த நாளின் படம் என்று நீங்கள் பார்வையாளரிடம் உறுதி சொல்லிவிட்டீர்கள். எடிட் மேஜையில் இதற்கு எளிய சோதனை உண்டு. குரலையும் இசையையும் அணைத்துவிட்டு, ஒவ்வொரு ஷாட்டுக்கும் "இது தன்னளவில் எதை நிரூபிக்கிறது?" என்று ஒரு வரி எழுதுங்கள். அந்த வரிக்கும் உங்கள் ஸ்கிரிப்ட்டுக்கும் இடைவெளி தெரிகிற இடங்களில் ஒன்று வாக்கியத்தை மாற்றுங்கள், இல்லையென்றால் ஷாட்டை மாற்றுங்கள்.

வரிசை மாறினால் பொருள் எந்த அளவுக்கு மாறும் என்பதற்கு 1927-லேயே சான்று இருக்கிறது. எஸ்ஃபிர் ஷூப் என்ற சோவியத் எடிட்டர், ரஷ்யப் பேரரசரின் குடும்பத்துக்காக எடுக்கப்பட்ட சுருள்களையும் பழைய செய்திப்படங்களையும் கொண்டே, ரோமனோவ் வம்சத்தின் வீழ்ச்சியைச் சொல்லும் முழுநீளப் படத்தைத் தொகுத்தார். அரச குடும்பத்தின் பெருமைக்காக எடுத்த ஷாட்களே அதில் அந்தக் குடும்பத்துக்கு எதிரான வாதமாயின. ஷாட்டுக்குள் இருப்பவை எவையும் மாறவில்லை. அதனால்தான் எந்தப் பழைய காட்சியைக் கையில் எடுத்தாலும் யார், யாருக்காக, எதைக் காட்ட எடுத்தார்கள் என்பதைத் தெரிந்துகொள்ள வேண்டும். அரசுப் பிரச்சாரப் படத்தில் கூட்டம் கைதட்டுகிறது என்றால், கைதட்டச் சொல்லி எடுத்தார்களா என்ற கேள்வி அந்த ஷாட்டோடு கூடவே வருகிறது.

கேமரா அங்கே இருந்தது என்பதாலேயே நடந்தது நிஜம் என்றும் ஆகாது. 1916-இல் பிரிட்டனில் வெளியான சோம் போர்ப் படத்தில், வீரர்கள் பதுங்குகுழியிலிருந்து மேலேறிப் பாயும் காட்சி இருக்கிறது. முதல் உலகப்போர் என்றதும் பலரும் எடுத்துப் போடுவது அதைத்தான். அது போர்முனைக்குப் பின்னால், பயிற்சி இடத்தில் நடித்து எடுக்கப்பட்டது என்று ஆய்வாளர்கள் நிறுவியிருக்கிறார்கள். அந்தப் படத்தின் பெரும்பகுதி நிஜமான பதிவு என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும். இன்னொன்று, சோவியத் இயக்குநர் ஐசன்ஸ்டைன் 1928-இல் வெளியிட்ட 'அக்டோபர்'. அது 1917 ரஷ்யப் புரட்சியைப் பற்றி நடிகர்களை வைத்து எடுத்த படம். அதன் அரண்மனைத் தாக்குதல் காட்சிகள் 1917-இன் நேரடிப் பதிவு போலவே எத்தனையோ இடங்களில் வந்திருக்கின்றன. இப்படிப்பட்டதைக் கண்டுபிடிக்க முதலில் கேட்க வேண்டியது, கேமரா எங்கே நின்றது என்பது. குண்டு வரும் திசையில் முக்காலியை நட்டு, ஓடிவரும் வீரர்களின் முகத்தை நிதானமாக எடுத்திருக்கிறதா? ஒரே செயல் முன்னாலிருந்தும் பக்கவாட்டிலிருந்தும் தொடர்ச்சி கெடாமல் வருகிறதா? ஒற்றைக் கேமராக்காரர் நிஜமான தாக்குதலில் இதைச் செய்ய முடியாது. அப்படித் தெரிந்தால் ஒத்திகை அல்லது மறுநடிப்பு என்று சந்தேகிக்கலாம். சந்தேகம்தான், தீர்ப்பு இல்லை. தீர்ப்புக்குக் காகிதச் சான்று வேண்டும்.

காகிதச் சான்று என்று நான் சொல்வது சுருளோடு வந்த விவரங்களை. டப்பாவின் மேல் எழுதியிருப்பது, சுருளின் தொடக்கத் துண்டில் எழுதியிருப்பது, காப்பகத்தின் அட்டவணை அட்டை, கேமராக்காரர் அனுப்பிய ஷாட் விவரத் தாள். இவற்றுள் கேமராக்காரரின் தாள்தான் பொன் போன்றது. அட்டவணை அட்டை பெரும்பாலும் பல ஆண்டுகள் கழித்து, சுருளைப் பார்த்து யாரோ ஊகித்து எழுதியது. டப்பாவில் ஒன்றும் உள்ளே வேறொன்றும் இருப்பது மிகச் சாதாரணம். உங்களுக்கு இணையத்தில் கிடைத்தது இந்தச் சங்கிலியின் கடைக்கோடி: யாரோ ஒரு ஆவணப்படத்திலிருந்து வெட்டி, குரலை நீக்கி, தலைப்பை மாற்றி ஏற்றியது. அங்கிருந்து பின்னோக்கிப் போக வேண்டும். தெளிவான நாலைந்து ஃபிரேம்களை எடுத்துப் படத் தேடலில் போடுங்கள். ஒரே தேடுபொறியோடு நிற்காதீர்கள். இடவலமாகத் திருப்பியும் தேடுங்கள், ஏனென்றால் திருடி ஏற்றுகிறவர்கள் கண்டுபிடிக்காமல் இருக்கப் படத்தைத் திருப்பிவிடுவார்கள். பெயர்ப்பலகை எழுத்தும் சட்டைப் பொத்தான் பக்கமும் அதைக் காட்டிக்கொடுக்கும். பிறகு பெரிய செய்திப்படத் தொகுப்புகளின் பட்டியல்களில் தேடுங்கள். பிரிட்டிஷ் பாத்தே 2014-இல் தன் 85,000 படங்களை யூடியூபில் ஏற்றியது. அப்படிப் பார்க்க முடிகிறது என்பதால் இலவசமாகப் பயன்படுத்தலாம் என்று அர்த்தமில்லை. ஆனால் உங்கள் துண்டு எந்த மூலப் படத்தின் எந்தப் பகுதி என்று அடையாளம் காண அது பெரிய உதவி.

சுருளே கையில் கிடைத்தால் இன்னும் கொஞ்சம் சொல்ல முடியும். கோடாக் பிலிமின் ஓரத்தில் வட்டம், சதுரம், முக்கோணம் என்று சிறு குறிகள் பதிந்திருக்கும். அவை அந்த பிலிம் தயாரான ஆண்டைச் சொல்பவை. 20 ஆண்டுக்கு ஒருமுறை அதே குறிகள் திரும்ப வந்தன. ஆகவே 1927 என்று படிப்பது 1947 ஆகவும் இருக்கலாம். உடை, வண்டி, கட்டடம் ஆகியவற்றை வைத்துத்தான் எது என்று முடிவுசெய்ய வேண்டும். பிரதி எடுக்கும்போது நெகடிவின் ஓரக் குறியும் பிரதியில் பதிந்துவிடும். பாசிட்டிவ் பிரதியில் அதன் சொந்தக் குறி கறுப்பாகவும், நெகடிவிலிருந்து வந்த குறி வெளுப்பாகவும் தெரியும். இரண்டும் வேறுவேறாக இருந்தால் கையில் இருப்பது பிற்காலப் பிரதி. இதில் உறுதியானது ஒன்றுதான்: கேமராவில் ஓடிய நெகடிவின் குறி காட்டும் ஆண்டுக்கு முன்னால் அந்தப் படம் எடுக்கப்பட்டிருக்க முடியாது. எவ்வளவு காலம் கழித்து எடுத்தார்கள் என்பதை அது சொல்லாது. ஓர் எச்சரிக்கை: 1950களின் தொடக்கம் வரைக்குமான 35 மி.மீ. சுருள் நைட்ரேட் என்ற பழைய வகை பிலிமாக இருக்கலாம். அது மிக எளிதில் தீப்பற்றும், பற்றினால் அணைப்பது கிட்டத்தட்ட முடியாத காரியம். புரொஜெக்டரில் மாட்டாதீர்கள், வீட்டில் வைக்காதீர்கள், காப்பகத்தாரிடம் கொடுங்கள். டப்பாவைத் திறந்ததும் வினிகர் வாடை அடித்தால் அது அசிடேட் என்ற மற்றொரு வகைச் சுருள் சிதையத் தொடங்கியதன் அறிகுறி. சுருங்கி வளைவதற்குள் ஸ்கேன் செய்துவிட வேண்டும்.

ஒலியைப் பற்றி யாரும் கேட்பதில்லை, ஆனால் மிக அதிகமாக ஏமாறுவது அதில்தான். இரண்டாம் உலகப்போர்ச் செய்திப்படங்களில் கேட்கும் வெடிச்சத்தமும் விமான இரைச்சலும் பெரும்பாலும் ஸ்டூடியோவில் சேர்க்கப்பட்டவை. போர்முனைக் கேமராக்கள் பெரும்பாலும் ஒலி இல்லாமல்தான் படம் பிடித்தன. ஆகவே "அன்றைய அசல் ஒலி" என்று நினைத்து அதை வைத்து வாதம் எழுப்பக் கூடாது. தொலைக்காட்சிச் செய்திக்கு 16 மி.மீ. பயன்பட்ட காலத்தில் பிலிமின் ஓரத்திலேயே காந்தப் பட்டை ஒட்டி ஒலியும் பதிவானது. அதில் ஒலி, தனக்குரிய படத்துக்கு 28 ஃபிரேம் முன்னால் இருக்கும், அதாவது ஒரு நொடிக்குச் சற்று அதிகம். அவசரத்தில் சுருளை நேரடியாக வெட்டி ஒட்டும்போது, ஒட்டிய இடத்தில் புதிய ஷாட்டில் உதடு தனக்குரிய ஒலியில்லாமல் அசையும், அல்லது பேச்சின் முதல் சொல் அறுபடும். பழைய பேட்டிகளில் கேள்வி பாதியில் தொடங்குவதும், ஒருவர் பேசிக்கொண்டிருக்கும்போதே காட்சி சட்டென்று கூட்டத்துக்கு மாறுவதும் பல நேரம் இதனால்தான். தணிக்கை என்று அவசரப்பட்டு முடிவுகட்டிவிடாதீர்கள். நீங்களாக ஒலி சேர்த்தால் அது சூழல் ஒலி என்ற அளவில் நிற்கட்டும். ஒருவர் வாய் அசைவுக்குச் சொற்களைப் பொருத்துவதோ, எந்தச் சத்தம் கேட்டது என்பதே சர்ச்சையாக இருக்கும் நிகழ்வில் துப்பாக்கிச் சத்தம் சேர்ப்பதோ போலிச் சாட்சி தயாரிப்பதாகும்.

செய்திக்கு வருவோம். ஆவணப்படத்துக்கு மாதக்கணக்கில் நேரம் இருக்கிறது. செய்தி அறையில் கோப்புக் காட்சியை, அதாவது சேமிப்பில் இருக்கும் பழைய காட்சியை, தேர்ந்தெடுக்கக் கிடைப்பது சில நிமிடங்கள். "வெள்ளம்" என்று தேடினால் சேனலின் சேமிப்பிலிருந்து நூறு துண்டுகள் வரும். பாதியில் ஆண்டு இருக்காது, இடம் இருக்காது. அதனால் நடக்கும் தவறுகளில் முதலாவது, பழைய வெள்ளம் இன்றைய வெள்ளமாக ஒளிபரப்பாவது. இதற்கு மருந்து "கோப்புக் காட்சி" என்ற சொல்லை மூலையில் இரண்டு நொடி காட்டி எடுத்துவிடுவது இல்லை. அந்த ஷாட் திரையில் இருக்கும் வரை அடையாளம் இருக்க வேண்டும். புதிய ஷாட் வந்ததும் போக வேண்டும், மறுபடி பழையது வந்தால் மறுபடி வர வேண்டும். முடிந்தால் வெறும் "கோப்பு" என்பதற்குப் பதில் மாதமும் ஆண்டும் இடமும் போடுங்கள். அந்த ஒரு வரிதான் பார்வையாளரின் குழப்பத்தை முழுதாகத் தீர்க்கும்.

இரண்டாவது தவறு இதைவிடக் கொடியது. குடிப்பழக்கம் பற்றியோ கடன் மோசடி பற்றியோ தொற்றுநோய் பற்றியோ பொதுவான செய்தி. மேலே ஓட எதாவது காட்சி வேண்டும். என்றோ எடுத்த சந்தைக் காட்சியைப் போடுகிறார்கள். "பலர் இதற்கு அடிமையாகி இருக்கிறார்கள்" என்று குரல் வரும் நொடியில், முகம் தெளிவாகத் தெரியும் ஒருவர் திரையில் நடந்துபோகிறார். அவருக்கும் அந்தச் செய்திக்கும் எந்தத் தொடர்பும் இல்லை. அவர் வாழ்க்கையில் அது ஏற்படுத்தும் சேதம் நிஜம், அவதூறு வழக்குக்கும் அடிப்படை உண்டு. பழியோ நோயோ குற்றமோ பேசப்படும் வரிக்கு மேல் அடையாளம் தெரியும் முகம் வரக் கூடாது என்பதை எடிட்டர்கள் கண்மூடித்தனமான விதியாகவே வைத்துக்கொள்ளலாம். கால்கள், கைகள், தொலைவான கூட்டம், கட்டடம் போதும். இதே அக்கறை விபத்து, படுகொலைக் காட்சிகளுக்கும் வேண்டும். ஆண்டு நினைவுநாள் தோறும் ஒருவரின் கடைசி நிமிடங்களைத் திரும்பத் திரும்ப ஓடவிடும் முன், அந்தக் குடும்பத்துக்குத் தகவலாவது சொல்லுங்கள். அந்தக் காட்சி இல்லாமலே செய்தி நிற்குமா என்று ஒருமுறை எடுத்துப் பாருங்கள். பெரும்பாலும் நிற்கும்.

மூன்றாவது, சமூக ஊடகத்தில் பரவும் பழைய காட்சி புதிய நெருக்கடியின் பெயரில் வருவது. சில நேரம் அது நிஜக் காட்சியாகக்கூட இருக்காது. ஆர்மா 3 என்ற வீடியோ விளையாட்டின் காட்சிகள் நிஜப் போர்க் காட்சிகள் என்று பரவியதால், 2022 நவம்பரில் அதைத் தயாரித்த நிறுவனமே எப்படி வேறுபடுத்திப் பார்ப்பது என்று விளக்கம் வெளியிட வேண்டியதாயிற்று. சரிபார்க்கும்போது நிழலின் திசை, மலை அல்லது கோபுரத்தின் உருவக்கோடு, கடைப்பலகை, வண்டி எண் பலகையின் வடிவம், பேச்சு வழக்கு ஆகியவற்றைச் செயற்கைக்கோள் படங்களோடும் வானிலைப் பதிவுகளோடும் ஒப்பிட வேண்டும். கோப்பின் உள் விவரங்கள் (எடுத்த தேதி, கருவி போன்றவை) இல்லை என்பது எதையும் நிரூபிக்காது, ஏனென்றால் பெரும்பாலான செயலிகள் ஏற்றும்போதே அவற்றை அழித்துவிடும். நீங்கள் கண்டுபிடித்த மிகப் பழைய பதிவேற்றம்தான் மூலம் என்றும் சொல்ல முடியாது. "இந்தத் தேதிக்கு முன்பே இருந்தது" என்பது மட்டும் உறுதி. ஆனால் பழைய காட்சி புதிதல்ல என்று நிரூபிக்க அந்த ஒன்றே போதும்.

இனி உரிமை. கையில் பிலிம் இருப்பதும் உரிமை இருப்பதும் ஒன்றல்ல என்பதற்கு ஸப்ரூடர் படத்தைவிடத் தெளிவான எடுத்துக்காட்டு இல்லை. 1963-இல் அமெரிக்க அதிபர் கென்னடி சுடப்பட்டதைத் தற்செயலாகப் பதிவுசெய்த 8 மி.மீ. வீட்டுப் படம் அது, ஓடும் நேரம் 26 நொடி. அமெரிக்க அரசு அதைக் கையகப்படுத்தியபோது, நடுவர் குழு முடிவின்படி 1999-இல் குடும்பத்துக்குக் கொடுத்த தொகை 1.6 கோடி டாலர். அவ்வளவு கொடுத்தும் அரசிடம் வந்தது சுருள்தான். பதிப்புரிமையைக் குடும்பம் டாலஸில் உள்ள ஓர் அருங்காட்சியகத்துக்கு நன்கொடையாகக் கொடுத்தது. உங்களுக்குச் சுருளோ கோப்போ கொடுக்கும் காப்பகமும் பல நேரம் இப்படித்தான்: பிரதி தருவார்கள், உரிமையை வேறெங்கோ போய் வாங்க வேண்டியிருக்கும். உரிமை வாங்கிய பிறகும் காட்சிக்குள் இன்னும் அடுக்குகள் உண்டு. பின்னால் ஒலிக்கும் பாட்டு, மேடையில் நடிக்கும் கலைஞர், சுவரில் தெரியும் ஓவியம், விளையாட்டுப் போட்டியின் ஒளிபரப்பு உரிமை. உரிம ஒப்பந்தத்தின் சிறிய எழுத்தில் "உள்ளே இருக்கும் பிறர் உரிமைகளுக்கு நாங்கள் பொறுப்பல்ல" என்று இருக்கிறதா என்று பாருங்கள். அநேகமாக இருக்கும்.

பொது உடைமையான காட்சிகளும் இருக்கின்றன. அமெரிக்கக் கூட்டாட்சி அரசின் ஊழியர்கள் பணியின் பகுதியாக எடுத்தவற்றுக்கு அந்நாட்டில் பதிப்புரிமை கிடையாது. நாசாவின் பெரும்பாலான காட்சிகள் அதனால்தான் எல்லோருக்கும் கிடைக்கின்றன. அப்போதும் பிரதி எடுக்கும் செலவு உண்டு, உள்ளே ஓடும் இசை தனியாருடையதாக இருக்கலாம். விமர்சிக்கவோ ஆராயவோ ஒரு காட்சியைத் தேவையான அளவு எடுத்தாள்வதற்கு நியாயமான பயன்பாடு என்ற விதிவிலக்கு பல நாடுகளில் இருக்கிறது. ஆனால் அளவுகோல் நாட்டுக்கு நாடு வேறு. அந்தக் காட்சியைப் பற்றியே பேசுகிறீர்கள் என்றால் உங்கள் வாதம் வலுவானது. அழகுக்காகவோ இடத்தை நிரப்பவோ போட்டால் மிக வலுவற்றது. எந்த ஷாட் இந்த விதிவிலக்கில் நிற்கும் என்று இங்கிருந்து நான் உறுதி சொல்ல முடியாது. படம் எந்தெந்த நாடுகளில் வெளியாகுமோ அங்கத்திய சட்டம் தெரிந்த வழக்கறிஞர் ஷாட் ஷாட்டாகப் பார்த்து எழுத்தில் சொல்ல வேண்டும். உரிமை வழக்கு வந்தால் ஈடுகட்டுவதற்காக ஒளிபரப்பாளர் கேட்கும் பொறுப்புக் காப்பீட்டுக்கும் அந்தக் கடிதம் தேவைப்படும்.

உரிமம் வாங்கும்போது விலையைத் தீர்மானிப்பவை மூன்று: எந்த நாடுகள், எத்தனை ஆண்டு, எந்தெந்த வெளியீட்டு வழிகள். திரைப்பட விழாக்களில் மட்டும் ஓராண்டு திரையிட வாங்கினால் மலிவு. எல்லா ஊடகத்துக்கும், உலகம் முழுவதும், காலவரையின்றி என்றால் பல மடங்கு. புதியவர்கள் மலிவானதை வாங்கிவிட்டு, படம் விலைபோகும்போது திரும்பி வருகிறார்கள். அப்போது பேரம்பேசும் வலு உங்களிடம் இருக்காது. முதல் நாளே இரண்டு விலைகளையும் எழுத்தில் வாங்குங்கள்: இப்போது விழாவுக்கு இவ்வளவு, பின்னால் முழு உரிமைக்கு ஏற்றிக்கொள்ள இவ்வளவு என்று. கால வரம்பை அசட்டை செய்தால் என்ன ஆகும் என்பதற்கு, அமெரிக்கக் கறுப்பின மக்களின் உரிமைப் போராட்டம் பற்றி 1987-இல் வந்த 'ஐஸ் ஆன் த பிரைஸ்' தொடரே சாட்சி. அதிலிருந்த பழைய காட்சிகள், படங்கள், இசை ஆகியவற்றின் உரிமங்கள் 1990களில் காலாவதியானதால், அந்தத் தொடரை ஒளிபரப்பவோ விற்கவோ முடியாமல் ஆண்டுக்கணக்கில் முடங்கியது. பெரும் நன்கொடைகள் கிடைத்து உரிமங்களை மறுபடி வாங்கிய பிறகுதான் 2006-இல் மீண்டும் ஒளிபரப்பானது.

கணக்கில் இன்னொரு நுணுக்கம். பல காப்பகங்கள் நொடிக் கணக்கில் விலை சொன்னாலும் குறைந்தபட்ச அளவு வைத்திருக்கும். 30 நொடி குறைந்தபட்சம் என்றால், நீங்கள் எடுத்தது 12 நொடியே ஆனாலும் 30-க்குக் கட்ட வேண்டும். பத்து காப்பகங்களிலிருந்து மூன்று மூன்று நொடி எடுத்தால், திரையில் அரை நிமிடம், பில்லில் ஐந்து நிமிடம். ஆகவே முதல் எடிட் முடிந்ததும் ஒரு துண்டு மட்டும் வரும் மூலங்களைப் பட்டியலிட்டு, ஏற்கெனவே கட்டணம் கட்டப்போகும் மூலத்திலிருந்தே மாற்று ஷாட் கிடைக்குமா என்று பாருங்கள். வேகத்தைக் குறைத்தால் பெரும்பாலும் திரையில் ஓடும் நேரத்துக்குத்தான் கணக்கு. அதையும் முன்கூட்டியே கேட்டு எழுதி வாங்குங்கள்.

இத்தனையையும் காப்பாற்றுவது ஒரு அட்டவணைதான். ஒரு ஷாட் டைம்லைனில் (எடிட்டிங் மென்பொருளில் ஷாட்களை வரிசையாக அடுக்கும் இடம்) விழுந்த அன்றே அதற்கு ஒரு வரி. காப்பகத்தின் பெயர், அவர்களது எண், மூலத்தின் டைம்கோடில் (ஒவ்வொரு ஃபிரேமுக்கும் உள்ள நேர எண்) தொடக்கமும் முடிவும், உங்கள் டைம்லைனில் தொடக்கமும் முடிவும், நீளம், எப்போது எங்கே எடுத்தது, அதை எந்தச் சான்றை வைத்துச் சொல்கிறீர்கள், உறுதியா ஊகமா, உரிமையாளர், உரிம நிலை. கோப்பின் பெயரைக் காப்பகத்தின் எண்ணோடு தொடங்குங்கள், ஒருபோதும் மாற்றாதீர்கள். காப்பகம் முதலில் தருவது வாட்டர்மார்க்கும் டைம்கோடும் படத்திலேயே பொறித்த முன்னோட்டப் பிரதி. குறித்துக்கொள்ள வேண்டியது திரையில் தெரியும் அந்த எண்ணை, எடிட்டிங் மென்பொருள் காட்டுவதை இல்லை. எடிட்டை இனி மாற்றுவதில்லை என்று பூட்டியதும் ஒவ்வொரு ஷாட்டுக்கும் இரு பக்கமும் ஓரிரு நொடி கூடுதலாகச் சேர்த்து மாஸ்டர் (வாட்டர்மார்க் இல்லாத முழுத் தரப் பிரதி) கேளுங்கள். சுருளிலிருந்து புதிதாக ஸ்கேன் செய்ய வேண்டியிருந்தால் பல வாரம் ஆகும், வெளியீட்டுத் தேதியை அதற்கேற்ப வையுங்கள். மாஸ்டர் வந்ததும் முன்னோட்டப் பிரதியின் மேல் அதை வைத்து, கலப்பு முறையை டிஃபரன்ஸ் (இரண்டு படங்களுக்கும் உள்ள வேறுபாட்டை மட்டும் காட்டுவது) என்று மாற்றி ஓடவிடுங்கள். சரியாகப் பொருந்தினால் வாட்டர்மார்க்கும் எண்ணும் தவிரத் திரை கறுப்பாக இருக்கும். ஒரு ஃபிரேம் தள்ளியிருந்தாலும் அசையும் விளிம்புகள் வெளிச்சமாகத் துடிக்கும். மாஸ்டர் 29.97 ஃபிரேமிலும் முன்னோட்டம் 25-இலும் இருந்தால் இந்தத் தவறு வந்தே தீரும்.

படத்தின் உருவத்தையும் சிதைக்காதீர்கள். பழைய தொலைக்காட்சிப் படம் 4:3. அதை 16:9 திரையில் அகலமாக இழுத்தால் ஆட்கள் குண்டாவார்கள், அகலத்துக்கு ஏற்ப வெட்டினால் உயரத்தில் கால்வாசி போய்விடும், தலையோ கையிலிருந்த பதாகையோ காணாமல் போகும். இரு பக்கமும் கறுப்பு விட்டு முழுப் படத்தையும் காட்டுவதே நேர்மை. மௌனப்படக் காலச் சுருள்கள் நொடிக்கு 16 முதல் 24 ஃபிரேம் வரை பலவிதமாக எடுக்கப்பட்டவை. 16-இல் எடுத்ததை 24-இல் ஓட்டினால் எல்லோரும் ஒன்றரை மடங்கு வேகத்தில் துள்ளித் துள்ளி நடப்பார்கள், துயரமான ஊர்வலம்கூட வேடிக்கையாகிவிடும். நடையையும் கொடி அசைவையும் பார்த்து வேகத்தைச் சரிசெய்யுங்கள். வீடியோ டேப்பிலிருந்து வந்ததில் அசைவின் ஓரம் சீப்புப் பல் போல் தெரிந்தால் இன்டர்லேஸ் (ஒரு படத்தை ஒன்றுவிட்டு ஒன்றான வரிகள் கொண்ட இரண்டு புலங்களாகப் பிரித்துப் பதியும் முறை) சரியாக நீக்கப்படவில்லை. புலங்களின் வரிசை தலைகீழாக இருந்தால் அசைவு முன்னும் பின்னும் நடுங்கும். இதை வண்ணம் திருத்துவதற்கு முன்பே, மூலக் கோப்பில் சரிசெய்ய வேண்டும்.

வண்ணம் ஏற்றுவதும் செயற்கை நுண்ணறிவால் தெளிவாக்குவதும் இப்போது எளிது. மூலத்தில் இல்லாத விவரத்தை அந்த மென்பொருள் ஊகித்து வரைகிறது என்பதை மறக்க வேண்டாம். மங்கலான முகத்துக்கு அது கொடுக்கும் கண்ணும் பல்லும் அந்த மனிதருடையவை அல்ல, சீருடையின் நிறம் வேறு படையின் நிறமாகிவிடலாம். சாட்சியாக நிற்கும் ஷாட்டில் இதைச் செய்யவே கூடாது என்பது என் கருத்து. கருத்துதான், எல்லோரும் ஏற்ற விதியல்ல. செய்தால் திரையிலேயே சொல்லிவிடுங்கள். புதிதாக உருவாக்கிய படத்தைப் பழைய காட்சி போலக் காட்டுவது பற்றி, ஆவணப்படத் துறையின் காப்பகத் தயாரிப்பாளர்கள் கூட்டமைப்பு ஒன்று 2024-இல் வழிகாட்டுதல் வெளியிட்டிருக்கிறது. பார்வையாளருக்குத் தெரியப்படுத்த வேண்டும் என்பது அதன் மையம்.

தேடியும் கிடைக்காத காட்சிகள் இருக்கும். பல இப்போது உலகில் எங்குமே இல்லை. தொலைக்காட்சி நிலையங்கள் டேப் விலை அதிகம் என்று அழித்து மறுபடி பயன்படுத்தின. அப்பல்லோ 11 நிலவுநடையின் மூலத் தரவு டேப்புகள்கூட அப்படி அழிந்திருக்கவே வாய்ப்பு என்று நாசா 2009-இல் அறிவித்தது. இன்று நாம் பார்ப்பது அன்றே ஒளிபரப்புக்காக மாற்றிப் பதிவான பிரதிகள். கேமரா வாங்க வசதியில்லாதவர்களின் பக்கம் படமாகவே ஆகவில்லை என்பது இன்னொரு வகை இழப்பு. அந்த இடத்தில் பொருத்தமில்லாத காட்சியை ஒட்டாதீர்கள். நிழற்படம், கடிதம், குரல் பதிவு, இன்றைய இடத்தின் வெறும் காட்சி, அல்லது "இதற்குப் படம் இல்லை" என்ற ஒரு வரி, இவற்றில் எதுவும் அதைவிட மேல். உங்கள் படத்துக்காக நீங்களே எடுத்த பேட்டிகளையும் எழுத்துகளும் இசையும் சேர்க்காத சுத்தமான பிரதியாக, ஒலித் தடங்கள் தனித்தனியாக, அதே அட்டவணையோடு இரண்டு வேறு இடங்களில் சேமித்து வையுங்கள். பேட்டி கொடுத்தவரின் ஒப்புதல் கடிதத்தையும் அதே உறையில் போடுங்கள், பிற்காலத்தில் வேறு படத்துக்கும் பயன்படுத்தலாமா என்ற வரி அதில் இருக்கும்படி.